பதினான்காம் எண் ஆட்டின் வாய்

செம்மறி ஆட்டுக்கு மேல்வரிசையில் முன்பல் கிடையாது. கீழே எட்டு, மேலே வெறும் ஈறு. இந்த எட்டுப் பல்லை நம்பித்தான் ஒட்டாகோ மலைப்பக்கத்துப் பண்ணைகள் அத்தனையும் பிழைத்துக் கிடந்தன. எட்டும் தேய்ந்துவிட்டால் ஆட்டால் புல்லைக் கடிக்க முடியாது. மெலியும், குளிர் வந்ததும் வேலியோரமாகப் படுக்கும், பிறகு எழுந்திருக்காது. அதனால்தான் குளிர்காலத்துக்கு முன்னால், ஏப்ரல் பிறந்ததும் மலையிலிருந்து ஆடுகளை இறக்கிப் பட்டியில் அடைத்து ஒவ்வொன்றாக வாயைப் பிளந்து பார்ப்பார்கள். பல் இருந்தால் இன்னும் ஒரு வருஷம் மலை. பல் போயிருந்தால் சந்தை.

மைரா கின்னேர்ட் இந்த வேலையைச் சம்பளத்துக்குச் செய்தாள். நகரத்துப் பல் ஆராய்ச்சிக் கூடத்தில் பதினோரு வருஷமாக உதவியாளர். ஆட்டின் முன்பல்லை மெழுகில் அச்செடுப்பது, அச்சில் பிளாஸ்டர் ஊற்றிப் பல்வரிசையை வார்ப்பது, வாயில் பஞ்சைத் திணித்துப் பத்து நிமிஷம் கழித்துப் பிழிந்து எச்சிலை அளப்பது எல்லாம் அவள் வேலை. கல்யாணம் ஆகாதவள். ஊரில் யாராவது, "என்ன மைரா, இன்னும் ஆட்டு வாயைத்தான் பாத்துக்கிட்டு இருக்கியா?" என்று கேட்டால், "மனுஷங்க வாயைவிட அது சுத்தமா இருக்கு" என்பாள். கேட்டவர் அடுத்த தடவை கேட்கமாட்டார்.

மகாராணி வந்து கையசைத்துவிட்டுப் போன அந்த வருஷம், ஏப்ரல் மாதத்துப் புதன்கிழமை ஒன்றில் அவள் தன் தம்பி டூகலின் பட்டியில் நின்றுகொண்டிருந்தாள். அப்பா விட்டுப்போன பண்ணை அது. ஆயிரத்து எண்ணூறு ஆடுகள். டூகலின் மனைவி போய்ச் சேர்ந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது, பிள்ளை குட்டி இல்லை. அந்த மந்தைதான் அவனுக்கு எல்லாம். எந்த ஆடு எந்தத் தாய்க்குப் பிறந்தது என்று ஏட்டைப் பார்க்காமல் நாலு தலைமுறை சொல்வான். அக்காவின் பிறந்தநாளைச் சொல்லத் தெரியாது.

தெற்கத்தி வேகக் காற்று. தகரக் கூரை கிடந்து அடித்துக்கொண்டது.

"பதினாலு" என்றான் டூகல், ஓர் ஆட்டைக் கழுத்தோடு அணைத்து உட்காரவைத்தபடி. அதன் காதில் மஞ்சள் வில்லை.

அந்த மஞ்சள் வில்லைக் கூட்டம் இங்கே வந்ததற்குக் காரணமே மைராதான். டூகலின் மேட்டில் ஆடுகளுக்கு ஐந்து வயதுக்குள் பல் தேய்ந்துவிடும். ஆற்றுக்கு அந்தப் பக்கம் கிளென்னார் பண்ணையிலோ எட்டு வயசு ஆட்டுக்கும் பல் அப்படியே இருக்கும். இது மண்ணின் குற்றமா, ஆட்டின் ரத்தத்திலேயே வருவதா, எச்சில் குறைவாகச் சுரப்பதால் பல்லில் மண் ஒட்டி அரைக்கிறதா? ஆராய்ச்சிக் கூடத்து டாக்டர் லென்னாக்ஸுக்கு இதைத் தவிர உலகத்தில் வேறு கவலை இல்லை. இரண்டு வருஷம் முன்பு அவர் ஒரு வழி சொன்னார். கிளென்னாரிலிருந்து இருபது ஆடு இங்கே வரட்டும், இங்கிருந்து இருபது அங்கே போகட்டும், யாருக்குப் பல் தேய்கிறது என்று பார்ப்போம். டூகல் முடியவே முடியாது என்றான். கிளென்னார்க்காரர் இங்கிலாந்திலிருந்து கப்பலில் கிடாவும் பெட்டையும் இறக்குகிற பெரிய மனுஷர், அவர் ஆடு என் ஆட்டோடு எதற்கு என்றான். மைரா மூன்று ஞாயிற்றுக்கிழமை வந்து பேசி அவனைச் சம்மதிக்க வைத்தாள். அந்த மூன்று ஞாயிற்றுக்கிழமைகளையும் அவள் பிறகு சாகும்வரை மறக்கவில்லை.

அவள் பதினாலின் கீழுதட்டை விலக்கினாள். பல் குட்டையாகத்தான் இருந்தது. விலா எலும்பை விரலால் எண்ணிவிடலாம்.

"போன தடவைக்கு இன்னும் மெலிஞ்சுட்டா."

"பல்லு போச்சுன்னா மெலியத்தானே செய்யும்" என்றான் டூகல். "எழுதிக்கோ, அடுத்ததைப் பிடிக்கணும்."

மெழுகை வைத்து அழுத்தி எடுத்தாள். பஞ்சைத் திணித்தாள். திணித்த கையோடு எச்சில் அவள் மணிக்கட்டு வரை வழிந்தது. சாதாரணமாக ஓர் ஆடு தருகிற எச்சில் சீசாவில் பாதிக்கு வரும். இது கழுத்துவரை நிறைந்தது.

"சீமாட்டிக்கு இன்னிக்கு வாய் ஊறுதே" என்று சிரித்தாள் மைரா. "எங்கே, பாட்டுப் பாடச் சொல்லு பாப்போம்."

அது அந்த வீட்டு வேடிக்கை. டிசம்பரில் மயிர் கத்தரிக்க வந்த ஆட்கள் தேநீருக்கு உட்கார்ந்திருந்தபோது டூகல்தான் அதைக் கண்டுபிடித்தான். பதினாலின் முதுகில், வால் பக்கமாக நகத்தால் சொறிந்தால் போதும், ஆடு தலையைத் தூக்கும், கண் செருகும், உதடு இரண்டும் படபடவென்று காற்றைக் கொறிக்கும். ஏதோ தேவாலயத்தில் நின்று பாடுகிற மாதிரி. கத்தரிக்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதற்குச் சீமாட்டி என்று பெயர் வைத்ததும் அன்றைக்குத்தான். மைராவும் சிரித்தாள். கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

இப்போது அவள் கையை முதுகுப் பக்கம் கொண்டுபோனதும் டூகல் ஆட்டைச் சட்டென்று தன் பக்கம் இழுத்துக்கொண்டான்.

"விடு. வேலையைப் பாரு."

"என்னடா, விளையாட்டுக்குத்தானே."

"லாரி நாளைக்குக் காலையில ஆறு மணிக்கு வருது. முன்னூத்திப் பத்து ஆடு சந்தைக்குப் போகணும். எனக்கு விளையாட நேரமில்ல."

மெலிவு, பல் தேய்மானம் என்று எழுதப் போனவள், மெலிவு என்று மட்டும் எழுதிவிட்டுக் கம்பளிக் கொட்டகைக்கு நடந்தாள். ஏனென்று அவளுக்கே தெரியாது. டூகல் விளையாட்டை வேண்டாம் என்று சொல்லி அவள் பார்த்ததில்லை, அவ்வளவுதான்.

கொட்டகை மேசையில்தான் அவள் எப்போதும் வார்ப்புகளைச் சரிபார்ப்பாள். பழைய வார்ப்புகள் பெட்டியில் எண் போட்டு இருக்கும். மெழுகில் பிளாஸ்டரை ஊற்றி இறுகும்வரை ஒரு ஸ்கோன் ரொட்டியைத் தின்றாள். பிறகு பதினாலின் ஐந்து பல்வரிசைகளை மேசையில் வரிசையாக வைத்தாள். ஆகஸ்ட், அக்டோபர், டிசம்பர், பிப்ரவரி, இன்று.

ஆகஸ்டிலிருந்து டிசம்பர்வரை பல் தேய்ந்திருந்தது, மற்ற ஆடுகளுக்குப் போலவே. டிசம்பருக்குப் பிறகு தேயவில்லை. அளவுகோலை மூன்று தடவை வைத்துப் பார்த்தாள். மயிரிழைகூடக் குறையவில்லை.

அவளுக்கு முதலில் சந்தோஷமாகத்தான் இருந்தது. லென்னாக்ஸ் குதிப்பார், எச்சில் அதிகம், தேய்மானம் இல்லை, அவர் சொன்னது நிரூபணம். அந்தச் சந்தோஷம் ஒரு நிமிஷம் இருந்திருக்கும். முன்பல் தேய்வது மண்ணோடு புல்லைக் கடிப்பதால். நாலு மாதமாகத் தேயவில்லை என்றால் நாலு மாதமாக அந்த ஆடு ஒழுங்காக மேயவில்லை. மேயாததால் மெலிந்தது. பல் தேய்ந்ததால் அல்ல. அப்படியானால் பிப்ரவரியில் பல் தேய்மானம் என்று அவள் கையால் எழுதியது பொய்.

ஏன் மேயவில்லை?

இங்கேதான் பல்காரர்கள் ஏமாந்தார்கள். மாட்டு வைத்தியர் யாராவது வந்திருந்தால் ஆட்டைச் சுற்றி வந்து பார்த்திருப்பார். இவர்கள் மெலிந்த ஆட்டைப் பிடித்தார்கள், வாயைப் பிளந்தார்கள், தேய்ந்த பல் தெரிந்தது, மூடிவிட்டார்கள். காரணம் கையில் கிடைத்தபிறகு எவன் மேற்கொண்டு தேடுவான்? குளிர்காலத்தில் மஞ்சள் வில்லையில் இரண்டு ஆடு செத்தபோதும் அதேதான். மண்டையோட்டைக் கொதிக்கவைத்துச் சுத்தம் செய்து தாடையை அலமாரியில் வைத்தார்கள்.

மைரா எழுந்து வெளியே வந்தாள். மஞ்சள் வில்லை ஆடுகளைத் தனியாக அடைத்திருந்த சின்னப் பட்டியின் கம்புகளில் கம்பளி கொத்துக் கொத்தாகச் சிக்கியிருந்தது. மற்றப் பட்டிகளில் அப்படி இல்லை. காற்று ஒரு கணம் நின்றபோது அந்தச் சத்தம் கேட்டது. பல்லைப் பல்லால் அரைக்கும் சத்தம். புல் இல்லை, அசை இல்லை, வெறும் கடைவாயை நறநறவென்று அரைத்துக்கொண்டு பதினாலு சுவரோரம் நின்றது. அதன் பக்கத்தில் இன்னொன்றும் அரைத்துக்கொண்டிருந்தது.

அவள் கம்பில் சிக்கியிருந்த கம்பளியில் ஒரு கொத்தைப் பிடுங்கி எடுத்தாள்.

அரசாங்கம் போன வருஷம் ஒரு நோட்டீஸ் அனுப்பியிருந்தது. வெளிநாட்டு ஆட்டோடு வரக்கூடிய, மருந்தே இல்லாத ஒரு நோயைப் பற்றி. ஸ்க்ரேப்பி என்று பெயர். பண்ணைக்குப் பண்ணை ஒட்டச் சொல்லி உத்தரவு. ஆராய்ச்சிக் கூடத்தில் நாள்காட்டிக்குக் கீழே ஒன்று தொங்கியது. தினமும் அதைப் பார்த்தபடிதான் கோட்டை மாட்டுவாள். மெலியும், உடம்பைத் தேய்க்கும், பல்லை அரைக்கும் என்று வந்த நினைவு. அதற்குப் பிறகு ஒரு வரி இருந்தது. அதைப் படித்தே தீரவேண்டும் போலிருந்தது. டூகலும் கொட்டகைக் கதவுக்குப் பக்கத்தில் ஒன்றை அடித்து வைத்திருந்தான், கத்தரிக்காரர்களில் ஒருவன் அதிலிருந்த ஆட்டுப் படத்துக்கு மீசைகூட வரைந்திருந்தான்.

உள்ளே போய்ப் பார்த்தாள். கதவுக்குப் பக்கத்தில் பலகை ஒரு சதுரத்துக்கு மட்டும் வெளுப்பாக இருந்தது. நாலு மூலையிலும் ஆணி பிடுங்கிய ஓட்டை.

அவள் அங்கேயே நின்றாள். அந்த ஒரு வரி இப்போது தானாகவே நினைவுக்கு வந்தது. முதுகைச் சொறிந்தால் உதடுகளைக் கொறிப்பதுபோல் அசைக்கும்.

"எப்பலேருந்து உனக்குத் தெரியும்?"

அவள் திரும்பிக் கேட்டபோது டூகல் வாசலில் நின்றிருந்தான். எவ்வளவு நேரமாக நின்றான் என்று தெரியவில்லை.

"என்ன தெரியும்?"

"டேய், என்கிட்டயா?"

அவன் தொப்பியைக் கழற்றி உள்பக்கத்தைப் பார்த்தான். "கிறிஸ்துமஸுக்கு மறுநாள். இங்கே உக்காந்து ஷூ மாட்டிக்கிட்டு இருந்தேன். அது கண்ணுக்கு நேரா இருந்துச்சு. மீசை வச்ச ஆடு. சும்மாதான் படிச்சேன்."

"நாலு மாசமா..."

"நாலு மாசமாத்தான். பிப்ரவரியில நீ வந்து வாயைப் பாத்துட்டுப் போனே. பல்லுதான்னு எழுதினே. உங்க டாக்டரும் பல்லுதான்னாரு. படிச்சவங்க நீங்களே பல்லுன்னா நான் ஏன் இல்லைங்கணும்?"

அது அவளுக்குச் சுருக்கென்று தைத்தது. தைக்கட்டும் என்றுதான் அவனும் சொன்னான்.

"நாளைக்குப் போற ஆடு..."

"அதெல்லாம் என் ஆடு. மஞ்சள் வில்லை ஒண்ணுகூட இல்ல."

"ரெண்டு வருஷமா ஒரே மேய்ச்சல், ஒரே தண்ணி. ரெண்டு பிரசவம் ஒரே பட்டியில. அதுங்களுக்கு வரலைன்னு நீ சொல்லுவியா?"

டூகல் சாலையோர வயலைப் பார்த்தான். மலையில் பல் போன ஆட்டைச் சமவெளிக்காரர்கள் வாங்கிக்கொண்டு போவது அங்கே பரம்பரைப் பழக்கம். மெத்தென்ற புல்லில் பல்லில்லாத ஆடும் இன்னும் இரண்டு ஈற்றுக்குத் தாங்கும். ஒருவன் இருபது வாங்குவான், ஒருவன் நாற்பது. நாளை மத்தியானத்துக்குள் அந்த முன்னூற்றுப் பத்தும் கடற்கரை வரைக்கும் எத்தனையோ பண்ணைகளுக்குச் சிதறிவிடும். பிறகு யாராலும் பொறுக்கியெடுக்க முடியாது.

"மைரா." அவன் குரல் இறங்கியது. "நீ போன் பண்ணினா என்ன ஆகும்னு உனக்குத் தெரியும். துப்பாக்கியோட வருவாங்க. நோய் வந்தது, வராதது எல்லாத்தையும் ஒரே குழியில. அப்பா காலத்துலேருந்து வந்த ஆடு. ஒண்ணு விடமாட்டாங்க."

"தெரியும்."

"நான் கேட்டேனா அந்த இருபது ஆட்டை? நீ கொண்டாந்து விட்டது."

"ஆமா" என்றாள். "நான்தான்."

"அப்போ ஒரே ஒரு நாள் குடு. சந்தை முடியட்டும். நாளன்னைக்கு நீயே போன் பண்ணு, நானே பண்றேன். இந்த முன்னூத்திப் பத்து ஆடாவது உயிரோட போகட்டும். எங்கேயாவது, யாரு மந்தையிலயாவது நம்ம ரத்தம் இருக்கட்டும்."

அவன் கேட்டதில் பேராசை இல்லை. அதுதான் அவளைக் கொன்றது. காசுக்காகக் கேட்டிருந்தால் கன்னத்தில் அறைந்துவிட்டுப் போயிருப்பாள். அவள் லாண்ட்ரோவரில் ஏறி உட்கார்ந்தாள். குறிப்பேடு மடியில் திறந்து கிடந்தது. பதினாலு, மெலிவு. பக்கத்தில் இரண்டு வார்த்தை சேர்த்தால் போதும், அவள் கை அதற்குப் பழகிய கைதான். பிறகு வண்டியைக் கிளப்பிக்கொண்டு நகரத்துக்குப் போய்விடலாம். உலகத்தில் ஒருவரும் அவளைக் கேள்வி கேட்க முடியாது.

சாலையோர வயலில் அந்த முன்னூற்றுப் பத்தும் மேய்ந்துகொண்டிருந்தன. அதில் ஒன்று மட்டும் மேயவில்லை. காதில் டூகலின் சொந்த நீல வில்லை. வேலிக்கம்பில் இடுப்பைத் தேய்த்துக்கொண்டிருந்தது, முன்னும் பின்னும், முன்னும் பின்னும். மைரா இறங்கிப் போய் வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கையை நீட்டி அதன் வால்பக்கத்தை நகத்தால் சொறிந்தாள்.

ஆடு தலையைத் தூக்கியது. உதடுகள் காற்றைக் கொறிக்கத் தொடங்கின.

அவள் திரும்பிப் பார்த்தபோது டூகல் கொட்டகை வாசலிலிருந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தான். வாய்க்குள் விரலை விட்டுப் பல்செட்டைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டான். இருபத்தொரு வயதில் கல்யாணத்துக்கு முன்னால் பல் அத்தனையும் பிடுங்கிக்கொண்டு செட்டு மாட்டியவன், மாமனார் வீட்டுச் சீராக. அந்தப் பக்கத்தில் பாதிப் பேர் அப்படித்தான், பின்னால் செலவு இருக்காதே. இனி பேச ஒன்றுமில்லை என்று அவன் தீர்மானித்துவிட்டால் செட்டு பைக்குள் போய்விடும். சண்டையிலும் அப்படித்தான், மனைவியைப் புதைத்த அன்றும் அப்படித்தான்.

மைரா அவனைக் கடந்து வீட்டுக்குள் போனாள். தொலைபேசி கூடத்துச் சுவரில் இருந்தது. பள்ளத்தாக்கு முழுவதற்கும் ஒரே லைன், ஒன்பது வீடு. யார் கைப்பிடியைச் சுற்றினாலும் ஒன்பது வீட்டிலும் தெரியும், முக்கால்வாசிப் பேர் எடுத்துக் கேட்பார்கள். பக்கத்துப் பண்ணை ஹெஸ்டர் மாசன் எடுக்காமல் இருந்ததாகச் சரித்திரமே இல்லை. ரிசீவரைக் காதில் வைத்தபடியே முட்டைக்கோஸ் நறுக்குவாள், கத்திச் சத்தம் லைனில் கேட்கும். "ஹெஸ்டர், கொஞ்சம் மெதுவா நறுக்கு, எனக்குக் காது கேக்கல" என்று டூகல் கத்துவான். "நீ சத்தமாப் பேசு" என்று பதில் வரும்.

மைரா கைப்பிடியைச் சுற்றினாள். எக்ஸ்சேஞ்ச் பெண் எடுத்தாள்.

"விவசாய இலாகா. கால்நடை அதிகாரி. அவசரம்."

சொன்ன மாத்திரத்தில் லைன் கனத்தது. கிளிக், கிளிக் என்று ஒவ்வொரு வீடாக எடுப்பது கேட்டது. கத்திச் சத்தம் ஒன்று ஓடிக்கொண்டிருந்தது.

அதிகாரி வந்தார். தூக்கக் கலக்கமான குரல். மைரா தன் பெயரையும் வேலையையும் சொன்னாள். மெலிவு, தேய்ப்பு, பல் அரைப்பு, எச்சில், உதடு. ஆராய்ச்சிக் கூடத்தில் பாடம் ஒப்பிப்பதுபோல் எல்லாவற்றையும் சரியாகச் சொன்னாள். அந்தப் பக்கம் நாற்காலி இழுபடும் சத்தம். இப்போது அந்தக் குரலில் தூக்கம் இல்லை.

"நீங்க சொல்றது என்னன்னு உங்களுக்குத் தெரியுதா மிஸ் கின்னேர்ட்?"

"தெரியுது."

"யாரோட பண்ணை?"

கத்திச் சத்தம் நின்றது.

மைரா வாயைத் திறந்தாள். வார்த்தை வரவில்லை. நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. பதினோரு வருஷம் எச்சிலை அளந்தவள் வாயில் ஒரு சொட்டு எச்சில் இல்லை.

"ஹலோ? யாரோட பண்ணைன்னு கேட்டேன்."

பின்னாலிருந்து ஒரு கை வந்து ரிசீவரை வாங்கிக்கொண்டது. டூகல் சுவரைப் பார்த்து நின்றான். தன் பெயரைச் சொன்னான், பண்ணையின் பெயரைச் சொன்னான். பல்லில்லாத வாயிலிருந்து அது வெறும் காற்றாகவும் ஈரமாகவும் வந்தது.

"என்ன? விளங்கலையே. மறுபடி சொல்லுங்க."

மறுபடி சொன்னான். செட்டு சட்டைப்பையில்தான் இருந்தது, ஆனால் அவன் கை அங்கே போகவில்லை.

"சார், லைன் சரியில்ல. யாரு பேசறது? யாரோட பண்ணை?"

ஒன்பது வீட்டின் மூச்சும் லைனில் இருந்தது. யாரோ ஒருவர் இருமலை அடக்கினார்.

"அது டூகல் கின்னேர்டோட பண்ணைங்க" என்றது ஒரு பெண் குரல், நிதானமாக, எழுத்து எழுத்தாக. ஹெஸ்டர். "ஆத்துப்பாலம் தாண்டி இடதுபக்கம் ரெண்டாவது கேட்டு. எழுதிக்கிட்டீங்களா?"

"எழுதிட்டேன். நீங்க யாரு?"

"பக்கத்து வேலி" என்றாள் ஹெஸ்டர். "என் ஆடும் அவன் ஆடும் ஒரே ஓடையிலதான் தண்ணி குடிக்குது. எண்ணூத்தி நாப்பது. அதையும் எழுதிக்குங்க."

பிறகு ஒவ்வொரு வீடாக ரிசீவரை வைக்கும் சத்தம் கேட்டது.